கோடித் துணிக்கு விழுந்த பரிசு

அக்டோபர் 4, செவ்வாய்

மாப்பிள்ளை போய்விட்டார். நேற்று விடிகாலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் அப்படியே சாய்ந்துவிட்டாராம். முப்பத்தொன்பது வயது. என் தங்கை ஆவுடைக்கு முப்பத்திரண்டு. பிள்ளை உலகு இரண்டாம் வகுப்பு படிக்கிறாள். என்ன தெய்வமோ, அதற்குக் கண் இருக்கிறதா என்றே தெரியவில்லை.

உட்கார்ந்து அழுவதற்கும் எனக்கு நேரம் இல்லை. பிறந்த வீட்டுக் கோடி நான்தான் எடுக்க வேண்டும். அப்பா இல்லை, கூடப் பிறந்த ஆண்பிள்ளை வேறு யாரும் இல்லை. அவளுக்கு ஒரு சேலை, அவருக்கு ஒரு வேட்டி துண்டு. முதல் பஸ்ஸில் தென்காசி போய், ஜவுளிக்கடை திறக்கும் முன்பே வாசலில் நின்றேன். உள்ளே போனால் தீபாவளிக் கூட்டம். ஒரு பக்கம் கல்யாணப் பட்டு எடுக்கிறார்கள். அந்த இடத்தில் வாயைத் திறந்து கோடி என்று சொல்ல முடியுமா? “சாதாரணமா ஒரு சேலை எடும்மா” என்றேன். விற்கிற பெண், “அக்காவுக்கு இந்த மாம்பழக் கலரு எடுப்பா இருக்கும் அண்ணாச்சி” என்கிறாள். கைக்குக் கிடைத்ததை எடுத்துக்கொண்டு பில் போடப் போனேன்.

பில் போடுகிறவன் தலையைத் தூக்காமல், “யாரு பேருக்கு?” என்றான். வேட்டி யாருக்கு என்று கேட்கிறான் என்று நினைத்துக்கொண்டு, “பால்வண்ணத்துக்கு” என்றேன். ஊர் கேட்டான், மாப்பிள்ளையின் ஊரைச் சொன்னேன். பரிசுக் கூப்பனில் எழுதிப் பெட்டியில் போட்ட பிறகுதான் எனக்கு உறைத்தது. பில்லுக்குப் பெயர் கேட்டிருக்கிறான்! வீட்டில் பாடையில் கிடக்கிற மனுஷன் பெயரில் தீபாவளிக் கூப்பன்! சனியன் தொலையட்டும் என்று ஓடி வந்தேன்.

மாப்பிள்ளை வேலை பார்த்த மில்லிலிருந்து நாற்பது பேர் மாலையோடு வந்திருந்தார்கள். சாயங்காலம் எடுத்துவிட்டோம்.

அக்டோபர் 7, வெள்ளி

ரேஷன் கடை திறந்தேன். மண்ணெண்ணெய் வந்தது. ஒரு பீப்பாய் ஒழுகல்.

அக்டோபர் 12, புதன்

மில் மானேஜர் வரச் சொல்லியிருந்தார். கருமாதிக்கு முன்னால் ஆவுடை வெளியே வரக்கூடாது என்பதால் நான் மட்டும் போனேன். நல்ல மனுஷர். “வாரிசு வேலை உண்டுங்க. நூல் சுத்துற இடத்துல போடலாம். இறப்புச் சான்றிதழோட மூணு மாசத்துக்குள்ள மனு வந்திரணும். தாண்டினா அந்த இடத்தை வேற ஆளுக்குக் குடுத்திருவாங்க, என்னால ஒண்ணும் செய்ய முடியாது” என்றார்.

ஆவுடையிடம் சொன்னேன். சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தவள் இன்றைக்குத்தான் நிமிர்ந்து பார்த்தாள்.

“அந்த வேலை கிடைச்சிட்டா நான் யாருக்கும் பாரமா இருக்க மாட்டேண்ணே.”

“பாரம்னு யாரு சொன்னாட்டி?”

“யாராவது சொல்லணுமாண்ணே?”

எனக்குச் சுருக்கென்றது. இவளுக்கு வாய் எப்போதுமே கொஞ்சம் நீளம். கிராமத்தில் இறப்பைப் பதிகிறவர் வி.ஏ.ஓ. இருபத்தொரு நாளுக்குள் போய்ச் சொன்னால் போதும். நான் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லியிருக்கிறேன்.

அக்டோபர் 18, செவ்வாய்

கருமாதி முடிந்தது. தாலி வாங்குகிற நேரம் ஆண்களை வெளியே போகச் சொன்னார்கள். வெளியே நின்றும் எல்லாம் காதில் விழுந்தது. அதை எழுத என்னால் ஆகாது. உலகு என் கையைப் பிடித்துக்கொண்டு, “மாமா, அம்மாவை என்ன செய்யுதாக?” என்று கேட்டாள். இனி அவர்கள் இருவருக்கும் நான்தான். வேறு யார் இருக்கிறார்கள்?

அக்டோபர் 22, சனி

ஆவுடை ஆள் அனுப்பியிருந்தாள். போனேன். ஒரு தபாலை எடுத்து நீட்டினாள்.

“நான் படிச்சிட்டேன். நீங்களும் படிங்க.”

ஜவுளிக்கடைக் கடிதம். ‘அன்புள்ள திரு. பால்வண்ணம் அவர்களுக்கு, எங்கள் தீபாவளிக் குலுக்கலில் முதல் பரிசு தங்களுக்கு விழுந்திருக்கிறது.’ கலர் டிவி, பிரிட்ஜ், தேக்குக் கட்டில், பீரோ, சோபா, கிரைண்டர். ஒரு குடித்தனத்துக்கு வேண்டியது முழுக்க. முப்பதாம் தேதி விழாவுக்குத் தாங்கள் துணைவியாருடன், ரேஷன் கார்டோடு நேரில் வரவேண்டும். தாங்கள் இருவரும் நீடூழி வாழ வாழ்த்துகிறோம்.

“நீடூழி வாழணுமாம்ணே” என்றாள். சிரிக்கிறாளா அழுகிறாளா என்று எனக்குத் தெரியவில்லை.

இந்த நாட்குறிப்பில் பொய் எழுதியதில்லை. அந்தக் கடிதத்தைப் படித்து முடித்ததும் நான் முதலில் கேட்டது, “வி.ஏ.ஓ.ட்ட இன்னும் பதியலையே?” என்பதுதான்.

“நீங்கதானே பாக்கேன்னு சொன்னீக?”

பதியவில்லை. கடைவேலையில் மறந்துவிட்டேன். நல்லதாகப் போயிற்று.

கடையில் போய் நடந்ததைச் சொல்லிக் கேளுங்கள், கொடுத்தால் கொடுக்கட்டும் என்கிறாள். இவளுக்கு உலகம் தெரியாது. மங்கலமாக விழா நடத்துகிற இடத்தில் போய், ‘ஐயா, இது கோடித் துணி எடுத்த கூப்பன்’ என்றால் யார் கொடுப்பான்? கிழித்துக் குப்பையில் போடுவான். செத்தவர் பெயரை எடுக்காமல் சீனி வாங்குகிற கார்டு என் கடையில் மட்டும் அறுபது இருக்கும். அவர்கள் எல்லாரும் நரகத்துக்கா போய்விட்டார்கள்? மாப்பிள்ளை இன்னும் எட்டு நாள் இருந்துவிட்டுப் போகட்டுமே. யானை இருந்தாலும் ஆயிரம் பொன், இறந்தாலும் ஆயிரம் பொன்.

அக்டோபர் 24, திங்கள்

ரேஷன் கார்டை வாங்கி வந்தேன். இன்றோடு இருபத்தொரு நாள் முடிகிறது என்று அவள் விரலை மடக்கி எண்ணிக்காட்டினாள். “தாண்டினா தாண்டட்டும், ரெண்டு ரூவா அபராதம். முப்பத்தொண்ணாம் தேதியே பதிஞ்சிருதேன்” என்றேன்.

“எனக்கு அந்தச் சாமான் வேண்டாம்ணே. வேலை போதும்.”

“எல்லாம் உனக்குத்தாண்டி. நான் என்ன எனக்கா கேக்கேன்?”

அவள் கார்டைக் கொடுத்தாள். கார்டில் போட்டோ கிடையாது, பெயர் மட்டும்தான். துணைவிக்கு என் வீட்டுக்காரி பிரமுவைக் கூட்டிப் போகவேண்டியதுதான். வேறு வழி?

பிரமு முதலில் மாட்டவே மாட்டேன் என்றாள். “இழவுக்கு வந்தவ தாலியறுப்பாளா? தாலியறுத்தவ பேரை நான் எதுக்குச் சுமக்கணும்?” என்று ஒரே சத்தம். சாமான் பட்டியலை எடுத்து வாசித்தேன். கட்டில் என்ன மரம் என்று கேட்டாள்.

அக்டோபர் 30, ஞாயிறு

முடிந்தது.

மேடை, மைக்செட், நாற்காலி. “திரு. பால்வண்ணம், திருமதி ஆவுடையம்மாள் தம்பதியரை அழைக்கிறோம்” என்றார்கள். நான் எழுந்திருக்கவில்லை. என் பெயர் நயினார்தானே, யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று உட்கார்ந்திருந்தேன். பிரமுதான் இடித்தாள். கூட்டம் சிரித்தது. “சந்தோசத்துல கால் ஓடலை பாருங்க!” என்று மைக்கில் சொன்னார்கள்.

நோட்டில் கையெழுத்துக் கேட்டார்கள். பால்வண்ணம் என்று எழுதினேன். ஓர் எழுத்தும் பிசகவில்லை. அதுதான் எனக்கே ஆச்சரியம்.

முதலாளி அம்மாள் தங்கமான மனுஷி. பிரமுவுக்குக் குங்குமம் வைத்து, தலையில் பூ வைத்து, “ஆவுடையம்மா, தீர்க்க சுமங்கலியா இரு” என்று வாழ்த்தினார்கள். தட்டில் புதுச் சேலை, புது வேட்டி. போட்டோக்காரன் இன்னும் நெருங்கி நில்லுங்கள், சிரியுங்கள் என்றான். சிரித்தோம்.

வருகிற வழியில் பிரமு, ஆலங்குளம் தாண்டியதும் தலையிலிருந்த பூவை எடுத்து ஜன்னல் வழியே போட்டாள்.

நவம்பர் 2, புதன். தீபாவளி

லாரி வந்தது. சாமான்களை என் வீட்டில்தான் இறக்க வேண்டியதாயிற்று. ஆவுடை வீடு ஓலைக்கூரை, ஒற்றை பல்பு. பிரிட்ஜை எங்கே வைப்பாள்? தெருவில் எல்லாரும் வந்து பார்த்தார்கள். எனக்குப் பரிசு விழுந்ததாகத்தான் சொல்லிவைத்தேன். வேறு என்ன சொல்ல?

ஆவுடைக்கு முறுக்கு கொடுத்தனுப்பினோம். துக்க வீடு, எண்ணெய்ச் சட்டி வைக்கமாட்டாள்.

நவம்பர் 9, புதன்

சீனி வரவில்லை. கார்டுக்காரர்கள் என்னை வைதுவிட்டுப் போனார்கள். வி.ஏ.ஓ.வைப் பார்க்கப் போக முடியவில்லை.

நவம்பர் 17, வியாழன்

ஆவுடை நடந்தே வந்திருந்தாள், நாலு மைல். உலகுவை டிவி முன்னால் உட்கார்த்திவிட்டு, “பதிஞ்சாச்சாண்ணே?” என்று கேட்டாள். ஒரு மாதம் தாண்டிவிட்டதால் இனி தாசில்தார் உத்தரவு வேண்டும் என்று விளக்கினேன். அதற்கென்ன, வாங்கிவிடலாம், நான் இருக்கிறேன் என்றேன்.

போகும்போது கட்டிலைத் தொட்டுப் பார்த்தாள். “படுத்துப் பாரேன் ஆவுடை” என்று பிரமு உபசாரமாகத்தான் சொன்னாள். ஆவுடை கையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள். எதற்கு இந்த ரோஷம்?

நவம்பர் 20, ஞாயிறு

மகள் செண்பகத்தைப் பார்க்கக் கடையநல்லூரிலிருந்து வந்தார்கள். பையன் சர்வேயர் ஆபீஸில் இருக்கிறான். மூன்று வருஷமாக வருகிறவர்கள் எல்லாம் வீட்டைப் பார்த்துவிட்டு, பிறகு சொல்லியனுப்புகிறோம் என்று போய்விடுவார்கள். இன்று பையனின் அம்மா பீரோவைத் திறந்து மூடினாள், பிரிட்ஜைத் திறந்து மூடினாள். “இதெல்லாம் பொண்ணுக்குத்தானே?” என்றாள்.

இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் பிரமு காபி கொண்டு வந்துவிட்டாள். காபியைப் பிடித்துப்போய்விட்டது, பெண்ணையும் பிடித்துப்போய்விட்டது. இருபத்தாறு வயதுப் பிள்ளை அடுப்படியில் நின்று சத்தமில்லாமல் அழுதாள், சந்தோஷத்தில். பெற்றவனுக்குத்தான் தெரியும் அந்தக் கஷ்டம்.

ஆவுடைக்கு மெதுவாகச் செய்துகொள்ளலாம். அவளே வேண்டாம் என்றுதானே சொன்னாள்?

டிசம்பர் 9, வெள்ளி

நிச்சயம் முடிந்தது. தை பதினைந்து முகூர்த்தம்.

டிசம்பர் 21, புதன்

ஒருவழியாக வி.ஏ.ஓ.விடம் போனேன். இறந்த தேதி என்ன என்று கேட்டார். இங்கேதான் சிக்கல். அக்டோபர் மூன்று என்று பதிந்தால், முப்பதாம் தேதி பரிசு வாங்கியது யார்? நாளைக்கு எவனாவது கிளறினால் நான் தொலைந்தேன். யோசித்து, “நவம்பர் அஞ்சுன்னு போட்டுக்கிடுங்களேன்” என்றேன்.

அவர் பேனாவை மூடிவிட்டார். “அண்ணாச்சி, ஆயுத பூஜைக்கு முன்னாலேயே நானும் வந்து மாலை போட்டேன். மில்லுலயும் மூணாம் தேதின்னுதான் எழுதியிருப்பாக. செத்த தேதியைத் தள்ளிப்போட நான் என்ன எமனா? நெசத்தைச் சொல்லுங்க, நாளைக்கே தாசில்தாருக்கு எழுதுதேன்.”

யோசித்துச் சொல்வதாக வந்துவிட்டேன். ஆவுடையிடம், “காகிதம் தாலுகா ஆபீஸ்ல இருக்கு” என்று சொல்லியிருக்கிறேன். இன்னும் பதின்மூன்று நாள் இருக்கிறது. ஏதாவது வழி பிறக்கும்.

டிசம்பர் 30, வெள்ளி

பாவி மட்டைகள்! ஜவுளிக்கடைக்காரன் புதுவருஷக் காலண்டர் போட்டிருக்கிறான். சாமி படம் போடக்கூடாதா? மேலே முழுக்க எங்கள் போட்டோ. நானும் பிரமுவும் மாலையும் கழுத்துமாக. கீழே கொட்டை எழுத்தில் ‘முதல் பரிசு பெற்ற திரு. பால்வண்ணம் – திருமதி ஆவுடையம்மாள்’, ஊர் பெயரோடு. துணி எடுத்தவர்களுக்கெல்லாம் கொடுத்திருக்கிறான்.

காலையிலிருந்து அலைந்து டீக்கடை, சலூன், ரைஸ்மில், போஸ்டாபீஸ் என்று பதினொரு காலண்டர் கேட்டு வாங்கிவந்தேன். சலூன்காரன், “அண்ணாச்சி, பேரை எப்ப மாத்தினீக?” என்று கேட்டான். அச்சுப்பிழை என்றேன். அங்கேயே உட்கார்ந்து மீசையை எடுத்துவிட்டேன்.

வீட்டுக்கு வந்தால் செண்பகம் என்னைப் பார்த்து யாரோ என்று எழுந்து நின்றாள். பிரமு சிரித்தாள். கொஞ்ச நேரத்தில் அழுதாள்.

ஜனவரி 2, திங்கள்

நாளையோடு மூன்று மாதம் முடிகிறது. சான்றிதழ் இல்லாவிட்டாலும் மனுவோடு நேரில் போய்க் கெஞ்சிப் பார்க்கிறேன் என்று ஆவுடை கிளம்பிவிட்டாள். தனியாக விட மனசில்லை, கூடப் போனேன். என் மீசையைப் பற்றி அவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

நான் மில்லுக்கு எதிர்த்த டீக்கடையில் நின்றேன். அரைமணி நேரத்தில் வெளியே வந்தாள்.

“அண்ணே, உள்ள வாங்க.”

“என்னட்டி?”

“அன்னைக்கு நீங்க பாத்த மானேஜர் மாறிப் போயிட்டாரு. அந்தக் காலண்டரு புது மானேஜர் மேசைக்கு மேலேயே தொங்குது. வி.ஏ.ஓ.ட்டயும் போன்ல கேட்டுட்டாரு. நீங்க தேதியை மாத்தச் சொன்னதையும் சொல்லிட்டாக, யாருன்னு மட்டும் சொல்லலை. போட்டோவுல நிக்கிறது அவுக இல்லைன்னு மில்லுல எல்லாருக்கும் தெரியும். யாரும்மா இந்த ஆளுன்னு கேக்காரு.”

“நீ என்ன சொன்ன?”

“ஒரு நிமிசம் இருங்கன்னு வந்தேன். அந்த ஆளு வந்து, பேரை மாத்திச் சொல்லி வாங்கினேன்னு ஒரு வரி எழுதிக் குடுத்தா போதுமாம். அதை வச்சு தாசில்தார்ட்ட அவரே பேசுதேங்காரு. வேலையை எனக்குன்னு இன்னைக்கே எழுதி வைக்கேங்காரு.”

“எழுதிக் குடுத்தா எனக்கு என்ன ஆகும்?”

“தெரியலைண்ணே.”

அவள் பொய் சொல்லவில்லை. அவளுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். ரேஷன் கடை வேலை போகும், போலீஸ் கேஸ் ஆகும், கடையநல்லூர்க்காரர்கள் தாம்பூலத்தைத் திருப்பிக் கொடுப்பார்கள். அதைச் சொன்னேன்.

“சாமானைத் திருப்பிக் குடுத்திருவோம். செண்பகத்துக்கு நான் வேலை பாத்துச் செய்யுதேன். அத்தைக்காரி செய்யமாட்டேனா? இருபது அடிதாண்ணே. வாங்க.”

என் கையைப் பிடித்தாள். தாலி வாங்கிய நாளைக்குப் பிறகு அவள் யாரையும் தொட்டு நான் பார்த்ததில்லை. அந்த நேரம் பார்த்து நான் சொல்லியிருந்த டீ வந்தது. கையை விடுவித்துக்கொண்டு டம்ளரை வாங்கினேன். வாங்காமல் என்ன செய்ய? சூடாக இருந்தது, ஊதி ஊதிக் குடித்தேன். நான் குடித்து முடிக்கிறவரை அவள் நின்றாள். பிறகு உள்ளே போனாள்.

திரும்பி வந்தபோது கையில் மனு இல்லை.

“என்னட்டி சொன்ன?”

“அந்த ஆளு யாருன்னு எனக்குத் தெரியாதுன்னு சொல்லிட்டேன்.”

“வேலை?”

“போச்சு.”

எனக்கு அப்போது உயிர் வந்தது. இதை எழுதாமல் விடலாம். வந்தது உண்மை.

பஸ்ஸில் அவள் முன்னால் பெண்கள் பக்கம் உட்கார்ந்தாள். நான் பின்னால். கண்டக்டரிடம் இரண்டு டிக்கெட் வாங்கி, முன்னால் வெள்ளைச் சேலை என்று கையைக் காட்டினேன். அவர் முன்னால் போய், “ஏம்மா, உனக்குப் பின்னால உள்ளவரு எடுத்துட்டாரு” என்றார்.

“அந்த ஆளு யாருன்னு எனக்குத் தெரியாதுய்யா. எனக்கு ஒரு டிக்கெட் குடுங்க.”

திரும்பிப் பார்க்காமல்தான் சொன்னாள். பஸ் முழுக்கத் திரும்பி என்னைப் பார்த்தது. ஒரு கிழவி காறித் துப்பினாள். நான் அவள் அண்ணன் என்று சொல்ல வாயைத் திறந்துவிட்டேன். எனக்கு முன் சீட்டில் மில் சட்டை போட்டவர்கள் இரண்டு பேர். வாயை மூடிக்கொண்டேன்.

கண்டக்டர் என்னிடம் வந்து குனிந்து, “பாத்தா பெரிய மனுசன் மாதிரி இருக்கீரு. தாலியறுத்த பிள்ளைகிட்ட போய் வாலாட்டலாமா? ஒழுங்கா வாரும்” என்றார்.

சரி என்றேன்.